சார்ல்ஸ்டன் வீடுகள் ஏன் தெருவுக்குப் பக்கவாட்டில் நிற்கின்றன?

அடுத்த கேள்வி. போன வீடியோவில் அமெரிக்காவின் தென் கரோலினாவில் உள்ள சார்ல்ஸ்டன் நகரத்தின் பழைய குடியிருப்புப் பகுதியைக் காட்டியிருந்தேன். அதைப் பார்த்துவிட்டு ஒரு நேயர் கேட்கிறார்: "தெருவை ஒட்டிக் கதவு இருக்கிறது, திறந்தால் தாழ்வாரம்தான் வருகிறது. தெருப் பக்க அகலத்துக்கு வரி போட்டதால்தான் இப்படிக் கட்டினார்களா? சுவரில் வட்ட வட்டமாக இரும்பு எதற்கு?"

அந்த வரிக் கதை ஊர் சுற்றிக் காட்டுபவர்கள் வாயில் ரொம்ப நாளாக ஓடுகிறது. கேட்கச் சுவாரசியம்தான், ஆனால் அப்படியொரு சட்டம் இருந்ததற்கு ஆதாரம் கிடைக்கவில்லை. மனைகளே குறுகலாகவும் நீளமாகவும் அமைந்தவை. கூடவே கோடைப் புழுக்கம். சென்னைக்காரர்களுக்கு அதை விளக்க வேண்டியதில்லை.

சரி, வீட்டுக்குள் போவோம். இதை 'சிங்கிள் ஹவுஸ்' என்கிறார்கள். அகலம் ஒரே ஓர் அறைதான். ஒவ்வொரு தளத்திலும் இரண்டு அறைகள், நடுவில் மாடிப்படி. குட்டையான பக்கம் தெருவைப் பார்க்க, நெடுக ஓடும் பக்கத்தில் தாழ்வாரம். அவர்கள் பேச்சில் 'பியாஸா'. பெரும்பாலும் தெற்கிலோ மேற்கிலோதான் அதை வைத்திருப்பார்கள். கடற்காற்று அந்தப் பக்கம், வெயிலும் அந்தப் பக்கம். தாழ்வாரம் வெயிலைத் தடுத்துக் காற்றை விட்டுவிடும். ஓர் அறை அகலம் என்பதால் இந்த ஜன்னலில் நுழையும் காற்று எதிர் ஜன்னல் வழியே போய்விடும். தெருக்கதவைத் திறந்து தாழ்வாரத்தில் பாதி தூரம் நடந்தால்தான் வீட்டின் நிஜ வாசல் வரும். தாழ்வாரத்துக்கு எதிர்ப்பக்கச் சுவரில் பல வீடுகளில் ஜன்னல் குறைவு. அடுத்த வீட்டார் தங்கள் தாழ்வாரத்தில் ஓய்வாக உட்கார்ந்திருப்பார்கள், எட்டிப் பார்க்கக் கூடாது இல்லையா? டிராட் தெருவில் 1774-ல் எழுந்த ராபர்ட் பிரிங்கிள் வீடு இந்த வகைக்கு நல்ல உதாரணம்.

மனையின் பின்பக்கத்தைப் பற்றி யாரும் கேட்கவில்லை, நானே சொல்கிறேன். சமையல்கட்டு தனிக் கட்டடம். தீப்பிடிக்கும் பயம், அடுப்புச் சூடு இரண்டும் காரணம். அதன் மேல்தளத்தில்தான் அடிமைகளாக வைக்கப்பட்டவர்கள் தங்கினார்கள். சில பழைய செங்கற்களில் இன்றும் விரல் பதிந்த தடம் தெரியும். ஈரமண்ணில் செங்கல் அறுத்த அடிமைகளுடைய விரல்கள் அவை. எய்கன்-ரெட் வீட்டில் அந்தக் குடியிருப்பு அப்படியே இருக்கிறது. அது சிங்கிள் ஹவுஸ் இல்லை, பெரிய மாளிகை. ஆனாலும் சார்ல்ஸ்டன் போனால் முதலில் அங்கேதான் போகச் சொல்வேன்.

அப்புறம் அந்த இரும்பு வட்டம். 1886 ஆகஸ்ட் 31 இரவு பெரிய நிலநடுக்கம் வந்தது. வெளியே சாய்ந்த சுவர்களை இழுத்துப் பிடிக்க, வீட்டுக்குக் குறுக்கே நீளக் கம்பி செருகி, இரு முனையிலும் தகடு வைத்து நட்டு போட்டு முடுக்கினார்கள். வெளியே தெரிவது அந்தத் தகடுதான். சிலர் அதன்மேல் சிங்கமுகம் பொருத்தி மறைத்தார்கள். உள்ளே கம்பியே இல்லாமல் அழகுக்காகத் தகடு மாட்டியவர்களும் உண்டு.