கட்டைவிரல் எந்தப் பக்கம்?

வணக்கம் நேயர்களே. மலேசியாவில், பேராக் மாநிலத்துச் சுங்கை சிப்புட்டில் பிசியோதெரபி செய்பவள் நான். என்னிடம் வருகிறவர்கள் அனேகமாகப் பால்மரம் வெட்டியவர்கள், செம்பனைக் குலை தள்ளியவர்கள், இல்லையென்றால் அவர்களுடைய பிள்ளைகள். "எங்கேம்மா வலி?" என்று கேட்டால் "கை" என்பார்கள். தோளிலிருந்து விரல் நுனி வரைக்கும் நமக்கு எல்லாம் கைதான். கிளினிக்கில் டாக்டர் மலாயில் "சாக்கிட் டி மானா?", அதாவது எங்கே வலி என்று கேட்டாலும் "தாங்கான்", கை என்று ஒரு வார்த்தையில் முடித்துவிடுகிறோம். டாக்டரின் கணக்கில் தோள் முதல் முழங்கை வரை ஒரு பகுதி, அங்கிருந்து மணிக்கட்டு வரை இன்னொன்று, அதற்கும் கீழே 27 எலும்புகள் உள்ள மூன்றாவது பகுதி. இன்றைக்கு நான் பேசப்போவது பெரும்பாலும் இந்த மூன்றாவதைப் பற்றி, அதிலும் கட்டைவிரலைப் பற்றி.

வண்டி ஓட்டிக்கொண்டிருப்பவர்கள் கேட்டால் மட்டும் போதும். மற்றவர்கள் எழுந்து நின்று, கைகளைத் தொங்கவிட்டு, உள்ளங்கை முன்னால் தெரியும்படி திருப்புங்கள். மருத்துவத்தில் உடம்பை வர்ணிப்பது இந்த நிலையை வைத்துத்தான். இப்போது கட்டைவிரல் உடம்பை விட்டு விலகி வெளிப்பக்கம் நிற்கிறது, சுண்டுவிரல் தொடைப் பக்கம் இருக்கிறது. அதனால்தான் ரிப்போர்ட்டில் கட்டைவிரல் பக்கத்தை வெளிப்பக்கம் என்று எழுதுவார்கள். மேசைமேல் கையைக் கவிழ்த்து வைத்துக்கொண்டு அதைப் படித்தால் தலைகீழாகத்தான் புரியும்.

விரலை நம்பர் போட்டுச் சொல்வதிலும் ஒரு சிக்கல் உண்டு. "இரண்டாவது விரல்" என்றால் கட்டைவிரலையும் சேர்த்து எண்ணுகிறவருக்கு அது ஆள்காட்டி விரல், சேர்க்காதவருக்கு நடுவிரல். ஆபரேஷன் என்று வரும்போது இது விளையாட்டல்ல. நம் பாட்டிமார் சொன்ன கட்டைவிரல், ஆள்காட்டி விரல், நடுவிரல், மோதிர விரல், சுண்டுவிரல் என்ற பெயர்களே போதும். கூடவே இடதா வலதா என்றும் சொல்லிவிடுங்கள்.

சரி, கட்டைவிரலை நன்றாக விரித்து மேலே தூக்குங்கள். அதன் அடியில், மணிக்கட்டு ஓரமாக, இரண்டு தசைநார்கள் புடைத்து நடுவில் ஒரு சின்னக் குழி விழுகிறதா? அந்தக் காலத்தில் அதில் மூக்குப்பொடியை வைத்து உறிஞ்சினார்களாம். இன்னமும் மருத்துவப் புத்தகங்களில் அதற்குப் பொடி டப்பா என்றுதான் பெயர். பெயர் வேடிக்கைதான், ஆனால் நான் அதிகம் பயப்படுகிற இடம் இது. குழியின் அடியில் ஸ்கேஃபாய்ட் என்ற படகு வடிவ எலும்பு இருக்கிறது. மழை பெய்த செம்மண் பாதையில் மோட்டார் சைக்கிள் சறுக்கும், நாம் கையை ஊன்றி விழுவோம். வீக்கம் பெரிதாக இருக்காது. சுளுக்கு என்று எண்ணெய் போட்டு உருவிவிடுவார்கள். அந்தக் குழியை அழுத்தினால் உயிர் போகிற வலி வருகிறதென்றால் தயவுசெய்து உருவ விடாதீர்கள். முதல் நாள் எக்ஸ்ரேயில் இந்த முறிவு தெரியாமலும் போகலாம். அதனால்தான் சந்தேகம் இருந்தால் கட்டுப்போட்டு அனுப்பிவிட்டு, பத்துப் பதினான்கு நாள் கழித்துத் திரும்பவும் படம் எடுக்கிறார்கள். இந்த எலும்புக்கு ரத்தம் பெரும்பாலும் விரல் பக்கத்திலிருந்து உள்ளே போகிறது. நடுவில் உடைந்தால் முழங்கைப் பக்கத்துத் துண்டு ரத்தமில்லாமல் செத்துப்போகக்கூடும்.

அதே குழியை ஒட்டி, கொஞ்சம் மேலே, முழங்கைப் பக்கமாக வலித்தால் அது வேறு கதை. கட்டைவிரலை விரிக்கிற இரண்டு தசைநார்கள் அங்கே ஓர் உறைக்குள் போகின்றன. அந்த உறை தடித்துவிடும். சுவிட்சர்லாந்து அறுவை மருத்துவர் டி கெர்வேன் 1895-இல் இதை விவரித்ததால் அவர் பெயரே நோய்க்கு நின்றுவிட்டது. குழந்தையை அக்குளில் கைகொடுத்துத் தூக்கித் தூக்கி இறக்கும் இளம் தாய்மாருக்கு இது அதிகம் வரும். கட்டைவிரலை உள்ளே மடக்கி முட்டி பிடித்து, முட்டியைச் சுண்டுவிரல் பக்கம் மெதுவாகச் சாய்த்தால் சுரீரென்று இழுக்கும்.

இன்னும் சிலர் "கை மரத்துப்போகுது, ராத்திரி உதறினால் சரியாகுது" என்பார்கள். எந்த விரல் என்று கேட்பேன். கட்டைவிரல், ஆள்காட்டி, நடுவிரல், மோதிர விரலில் பாதி என்றால் மணிக்கட்டின் நடுவே போகும் மீடியன் நரம்பு நசுங்குகிறது என்று சந்தேகப்படலாம். சுண்டுவிரலும் மோதிர விரலின் மறுபாதியும் என்றால் அது அல்னர் நரம்பு, தொல்லை முழங்கையிலேயே இருக்கலாம். ஆகவே "கை" என்று சொல்லாமல் விரல் பெயரைச் சொன்னால் எனக்குப் பாதி வேலை மிச்சம். கட்டைவிரலுக்குக் கீழே இருக்கும் சதைமேடு மற்ற கையைவிடச் சப்பையாகிவிட்டதென்றால் மட்டும் தள்ளிப்போட வேண்டாம், நரம்பு ரொம்ப நாளாகக் கஷ்டப்படுகிறது என்று அர்த்தம்.

அப்புறம் இடுப்பு. கையைவிட இதில்தான் குழப்பம் அதிகம். நாம் இடுப்பு வலி என்பது பெரும்பாலும் கீழ்முதுகைத்தான், மலாயில் பிங்காங். இடுப்பு மூட்டு பிங்குல். அந்த மூட்டு கெட்டால் பெரும்பாலும் தொடையிடுக்கில் வலிக்கும், சிலருக்கு முழங்காலில்கூட வலிக்கும். முழங்காலைப் படமெடுத்து ஒன்றுமில்லை என்று திருப்பி அனுப்பப்பட்ட பெரியவர்களைப் பார்த்திருக்கிறேன். அப்படி யாராவது வீட்டில் இருந்தால், சப்பாத்து மாட்டக் குனிய முடிகிறதா, கால்மேல் கால் போட முடிகிறதா என்று கவனியுங்கள். முடியவில்லை என்றால் டாக்டரிடம் அதையும் சேர்த்துச் சொல்லுங்கள். நன்றி, வணக்கம்.