நான்கு கட்டம், ஒரே கை

அவையோர் அனைவருக்கும் வணக்கம்.

இரண்டு கைகளையும் முன்னால் நீட்டி, தோள் அகலத்தைவிடக் கொஞ்சம் கூடுதலாக விரித்துப் பாருங்கள். ஏறக்குறைய 27 அங்குலம் வரும். உயரம் ஐந்தரை அங்குலம் என்று வைத்துக்கொள்ளுங்கள். பல ஆண்டுகள் அந்த அளவுள்ள வெள்ளை அட்டையில்தான் சார்லஸ் ஷுல்ஸ் தன் ‘பீனட்ஸ்’ படத்தொடரின் ஒரு நாள் பகுதியை வரைந்தார். வாசகர் பத்திரிகையை விரிக்கும்போது அதே படம் ஒரு சாணுக்குள் சுருங்கியிருக்கும்.

1950 அக்டோபர் 2-இல் தொடங்கி 2000 பிப்ரவரி 13-இல் முடிந்த தொடர் அது. மொத்தம் 17,897 பகுதிகள். வார நாட்களுக்கு 15,391, ஞாயிற்றுக்கிழமைக்கு 2,506. யோசனையும் அவருடையது, பென்சில், மை, பேச்சுக்குமிழிக்குள் இருக்கும் எழுத்து எல்லாமே அவர் கைவேலை. உச்சத்தில் 75 நாடுகளில், 21 மொழிகளில், 2,600 பத்திரிகைகள் அதை வெளியிட்டன. இந்த வெற்றியைப் பேச வருபவர்கள் வழக்கமாகத் தொடரில் வரும் நாய் ஸ்னூப்பியின் பொம்மையிலிருந்து ஆரம்பிப்பார்கள். நான் அந்த ஒரு சாணிலிருந்து ஆரம்பிக்கிறேன். ஷுல்ஸின் கோடு, நகைச்சுவை, நாய்க்கூடு எல்லாம் இடப் பற்றாக்குறையிலிருந்து முளைத்தவை என்பது என் உறுதியான எண்ணம்.

வாழ்க்கைக் குறிப்பை வேகமாகச் சொல்லிவிடுகிறேன். 1922 நவம்பர் 26, மினியாபொலிஸில் பிறப்பு. வளர்ந்தது பக்கத்திலேயே இருக்கும் செயின்ட் பால் நகரில். அப்பா முடிதிருத்தும் கடை வைத்திருந்தார். பின்னாளில் தொடரின் நாயகச் சிறுவன் சார்லி பிரவுனின் அப்பாவுக்கும் அதே தொழிலைக் கொடுத்தார் மகன். அன்றைய பத்திரிகைத் தொடர் ஒன்றில் ‘ஸ்பார்க் பிளக்’ என்று ஒரு குதிரை வரும். அந்தப் பெயரைச் சுருக்கி, கைக்குழந்தையை ‘ஸ்பார்க்கி’ என்று கூப்பிட்டார் உறவினர் ஒருவர். நெருங்கியவர்களுக்குக் கடைசிவரை அவர் ஸ்பார்க்கிதான். படத்தொடர் ஓவியராகப் போகிறவருக்குப் படத்தொடரிலிருந்தே பெயர் வந்து சேர்ந்தது.

ஓவியம் கற்றது அஞ்சல் வழியில். அந்தப் பாடத்திட்டத்தில் குழந்தைகளை வரைவதற்கு என்று ஒரு பிரிவு உண்டு. அதில் அவருக்குக் கிடைத்தது சி பிளஸ், சுமாரான மதிப்பெண். 1943-இல் ராணுவத்துக்கு அழைக்கப்பட்டார். அந்த பிப்ரவரியில் புற்றுநோயால் அம்மா இறந்தார். போர் முடிந்து ஊர் திரும்பியவர் இரண்டு வேலைகள் பார்த்தார். ஒன்று, தான் படித்த அதே அஞ்சல் பள்ளியில் மாணவர்களின் பாடங்களைத் திருத்துவது. இன்னொன்று, கத்தோலிக்கக் காமிக்ஸ் இதழ் ஒன்றுக்குக் குமிழிகளில் எழுத்து எழுதிக் கொடுப்பது. பிறர் வரைந்த படத்தில் மிச்சமிருக்கும் இடத்துக்குள் எழுத்தை அடக்கும் வேலை அது. இந்த இரண்டாவது வேலையை அவரைப் பற்றி எழுதுபவர்கள் ஒரு வரியில் தாண்டிவிடுகிறார்கள். எழுத்துக்கு எவ்வளவு இடம் வேண்டும் என்பதை அவர் கையில் ஏற்றியது அதுதான்.

1947 முதல் செயின்ட் பால் பத்திரிகையில் ‘லில் ஃபோக்ஸ்’ என்ற பெயரில் வாரம் ஒருமுறை சிறுவர் நகைச்சுவைப் படங்கள். கூடவே ‘சாட்டர்டே ஈவினிங் போஸ்ட்’ இதழுக்கு 1948-50 காலத்தில் 17 தனிப்படங்களை விற்றார். 1950-இல் நியூயார்க்கில் யுனைடெட் ஃபீச்சர் சிண்டிகேட்டின் அலுவலகத்துக்குப் போனார். சிண்டிகேட் என்பது ஓவியருக்கும் பத்திரிகைக்கும் நடுவில் நிற்கும் நிறுவனம். அதன் விற்பனையாளர்கள் ஊர் ஊராகப் போய் ஆசிரியர்களிடம் மாதிரிப் படங்களைக் காட்டுவார்கள். வாங்கும் பத்திரிகை தன் விற்பனை அளவுக்கு ஏற்ப வாராவாரம் கட்டணம் தரும். அதை ஓவியரும் சிண்டிகேட்டும் பகிர்ந்துகொள்வார்கள். ஷுல்ஸ் அன்று அலுவலகம் நிரம்புவதற்கு முன்பே போய்விட்டதால், கொண்டுபோன படங்களை வரவேற்பாளரிடம் வைத்துவிட்டுச் சிற்றுண்டிக்குக் கிளம்பினார். திரும்பி வருவதற்குள் உள்ளே கட்டைப் பிரித்துப் பார்த்து முடிவே செய்திருந்தார்கள். முன்பு அனுப்பியிருந்த தனிப்படங்களைவிட, புதிதாகக் கொண்டுவந்திருந்த தொடர் கட்டங்களே வேண்டும் என்றார்கள்.

‘லில் ஃபோக்ஸ்’ என்ற பெயர் வேறு இரண்டு தொடர்களின் பெயரோடு மோதும் என்று மாற்றச் சொன்னார்கள். அலுவலகத்திலேயே பத்துப் பெயர்கள் கொண்ட பட்டியல் தயாராகி, அதிலிருந்து ‘பீனட்ஸ்’ தேர்வானது. அந்தப் பெயரை ஷுல்ஸ் சாகும்வரை வெறுத்தார். அந்த வெறுப்பு நியாயம் என்றே நினைக்கிறேன். தொடரில் அந்தப் பெயரில் ஒரு பாத்திரமும் கிடையாது. வேர்க்கடலைக்கும் கதைக்கும் ஒட்டுறவில்லை. சார்லி பிரவுனின் பெயரைத்தான் பீனட்ஸ் என்று நினைத்துக்கொண்ட வாசகர்களும் உண்டு. ஞாயிறு பக்கத்தின் தலைப்பில் சார்லி பிரவுன் பெயரையும் சேர்த்துப் போட்டுத்தான் அவரால் கொஞ்சமாவது சரிக்கட்ட முடிந்தது.

ஏழே பத்திரிகைகளுடன் தொடர் கிளம்பியது. வாஷிங்டன் போஸ்ட், சிகாகோ ட்ரிப்யூன், சியாட்டில் டைம்ஸ் ஆகியவை அவற்றில் அடங்கும். அன்று சாகசத் தொடர்கள் பக்கத்தில் பெரிய இடம் பிடித்திருந்தன. புதியவரை உள்ளே நுழைக்க சிண்டிகேட் கண்டுபிடித்த வழி, இது இடத்தை மிச்சப்படுத்தும் தொடர் என்று சொல்லி விற்பது. நான்கு கட்டங்களும் ஒரே அளவில் இருக்க வேண்டும். பத்திரிகைக்காரர் விரும்பினால் ஒரே வரிசையாகப் போடலாம். ஒரு பத்தியில் மேலிருந்து கீழாக அடுக்கலாம். இரண்டுக்கு இரண்டாகச் சதுரமாகவும் வைக்கலாம். விளம்பரத்துக்கு அடியில் மிச்சமாகும் சந்திலும் அது உட்காரும்.

ஓவியருக்கு இதில் என்னென்ன கை விட்டுப் போகிறது என்று பாருங்கள். அகலக் கட்டம் வைத்து ஒரு தெருவைக் காட்ட முடியாது. ஒரு கட்டத்தின் குமிழி அடுத்ததற்குள் நீள முடியாது. செங்குத்தாக அடுக்கும்போது வெட்டுப்படும். பந்து கட்டம் கட்டமாகத் தாண்டிப் பறப்பதாக வரைந்தால், சதுர அடுக்கில் இரண்டாவதிலிருந்து மூன்றாவதுக்குத் தாண்டும் இடத்தில் திசையே குழம்பிவிடும். ஆகவே ஒவ்வொரு கட்டமும் தனக்குள் முழுமையாக நிற்க வேண்டும். 1988-இல்தான் இந்தக் கட்டாயத்திலிருந்து விலகி, மூன்று கட்டம், இரண்டு கட்டம், சில நாள் ஒரே நீளக் கட்டம் என்று தன் விருப்பப்படி வரைந்தார். முப்பத்தேழு ஆண்டுகள் நான்கு சதுரத்துக்குள்தான்.

அடுத்தது சுருக்கம். மூலப் படத்தில் கால் அங்குல உயரம் உள்ள எழுத்து, நாலில் ஒரு பங்காகச் சுருங்கினால் ஒரு அங்குலத்தில் பதினாறில் ஒரு பங்காகிவிடும். செய்தித்தாள் காகிதம் மையை உறிஞ்சிப் பரவவிடும். ‘ஏ’, ‘ஓ’ போன்ற ஆங்கில எழுத்துகளின் உள்வெளி அடைத்துக்கொள்ளும். நெருக்கமான குறுக்குக்கோட்டு நிழல் கரிய திட்டாகும். மயிரிழைக் கோடு அச்சில் விட்டு விட்டு விழும். ஷுல்ஸ் இதற்குச் செய்த பரிகாரம், எழுத்தைப் பெரிதாக்கிச் சொற்களைக் குறைத்தது. பின்னணியை ஒரு வேலிக்கும் புல் கீற்றுக்கும் ஒரு கல் திண்டுக்கும் இறக்கினார். சார்லி பிரவுனின் தலைமுடி நெற்றியில் ஒரு சுருள். பின்மண்டையில் சில கீற்று. கண் இரண்டு புள்ளி. அந்தப் புள்ளிகளின் பக்கவாட்டில் அடைப்புக்குறி போல ஒரு சின்ன வளைவைப் போட்டால் பையன் கவலைப்படுகிறான் என்று அர்த்தம். எவ்வளவு சுருக்கினாலும் அந்த வளைவு அழியாது. அடர்ந்த வளைநெளிக் கோடு போட்ட சட்டையும் அப்படித்தான். முதல் நாள் அவன் அணிந்திருந்தது வெறும் சட்டை. அந்தக் கோடு சில வாரம் கழித்துச் சேர்ந்தது. பக்கத்தின் எந்த மூலையில் கிடந்தாலும் அவனை அடையாளம் காட்டிவிடும்.

கருவிகளைச் சொல்கிறேன். வரைவதற்கு எஸ்டர்புரூக் நிறுவனத்தின் 914 எண் ‘ரேடியோ’ நிப். மையில் தோய்த்து எழுதும் வகை. லேசாக ஓட்டினால் மெல்லிய கோடு, அழுத்தினால் பருத்த கோடு. அந்த நிறுவனம் மூடப்போகிறது என்று தெரிந்ததும் மீதமிருந்த சரக்கை வாங்கி வைத்துக்கொண்டார். நிப்தானே, வேறொன்று வாங்கலாமே என்று தோன்றலாம். பல ஆயிரம் முறை அதே வட்டத் தலையைப் போட்ட விரல்களுக்கு, எந்த அழுத்தத்தில் கோடு எவ்வளவு விரியும் என்பது அந்த உலோகத்தோடு சேர்ந்தே பழகியிருக்கும். நிப் மாறினால் முகமே மாறும்.

யோசனையைக் கோடு போட்ட மஞ்சள் தாளில் கிறுக்கிப் பார்ப்பார். அட்டையில் பென்சில் வேலை குறைவு. உருவம் எங்கே நிற்கிறது என்பதற்கான தளர்வான கோடுகள் மட்டும். காரணம் இருக்கிறது. பென்சிலில் முழுசாக முடித்துவிட்டு அதன்மேல் மை ஓட்டினால் கை, கோட்டைப் பின்பற்றுவதிலேயே கவனமாகி வேகம் செத்துவிடும். தொழில் தெரியாதவர்கள் இங்கேதான் சறுக்குகிறார்கள். பென்சிலில் உயிரோடு இருந்த முகம் மையில் விறைத்துப் போகும். ஷுல்ஸ் முகபாவத்தை மையிலேயே வரைந்தார். அவர் பெருமைப்பட்ட விஷயம் ஒன்று உண்டு: மழை. பேஸ்பால் மைதான மேட்டில் சார்லி பிரவுன் தனியே நனைந்துகொண்டு நிற்கும் கட்டங்களை எடுத்துப் பாருங்கள். ஒரே வேகத்தில் இழுத்த நூற்றுக்கணக்கான கீற்றுகள், அச்சில் ஒன்றோடொன்று ஒட்டாத இடைவெளியில். ஒரு கீற்றில் மை கொட்டினால் கட்டமே போயிற்று.

அதற்கு நேர்மாறான பொறுமை, தொடரில் பியானோ வாசிக்கும் சிறுவன் ஷ்ரோடரின் பியானோவுக்கு மேலே மிதக்கும் இசைக்குறிகள். அவை அலங்காரப் பொட்டுகள் இல்லை. பீத்தோவனின் அச்சிட்ட இசைத்தாளைப் பார்த்து ஒவ்வொரு குறியாக எழுதியவை. இசை படிக்கத் தெரிந்தவர் எந்தப் படைப்பு என்று சொல்லிவிடலாம். ஷுல்ஸுக்குப் பிடித்தவர் பிராம்ஸ். ஆனாலும் பீத்தோவன் என்ற பெயரில்தான் சிரிப்பு இருக்கிறது என்று அதை வைத்தார்.

இப்போது நாய்க்கூடு. ஸ்னூப்பி 1958 டிசம்பரில் முதன்முதலாகக் கூரைமேல் ஏறிப் படுத்தது. முதுகு முகட்டில், காது தொங்க. 1965 அக்டோபரில் அதே கூரை ஸ்னூப்பியின் கற்பனையில் முதல் உலகப் போர் விமானமானது. கூட்டின் நெடும்பக்கத்தை மட்டும் நேர்ப்பக்கமாகக் காட்டுவதால்தான் இது நடக்கிறது. முன்பக்கத்தைத் திருப்பி, சாய்வான கூரையையும் வாசலையும் பருமனோடு வரைந்து பாருங்கள். கூரான முகட்டில் நாய் எப்படிப் படுக்கும் என்ற கேள்வி உடனே வந்துவிடும். கூட்டின் உட்புறத்தையும் அவர் காட்டவில்லை. பெரியவர்களையும் அப்படியே வெளியே நிறுத்தினார். கட்டத்தின் உயரம் குழந்தையின் உயரம். பெரியவர் வந்தால் முழங்கால்தான் தெரியும். 1954-இல் சிறுமி லூசி கோல்ஃப் ஆடும் ஞாயிறு பக்கங்களில் ஒருமுறை பெரியவர்களை வரைந்தார். தொடரோடு அது ஒட்டவே இல்லை. பிறகு அந்தப் பக்கம் போகவில்லை.

நாள்தோறும் எழுதுபவருக்குப் பெரிய பயம் சரக்குத் தீர்ந்துபோவது. அவர் ஆண்டையே பாத்தி கட்டி வைத்திருந்தார். வசந்தத்தில் பேஸ்பால், இலையுதிர் காலத்தில் சார்லி பிரவுன் உதைக்க ஓடிவரும்போது லூசி இழுத்துக்கொள்ளும் கால்பந்து, ஹாலோவீன் இரவில் வரும் என்று நம்பி லூசியின் தம்பி லைனஸ் காத்திருக்கும் பெரும்பூசணி, டிசம்பர் 16 பீத்தோவன் பிறந்தநாள். 1952 முதல் 1999 வரை லூசி பந்தை எடுத்துக்கொண்டேதான் இருந்தாள். எடுப்பாள் என்று வாசகருக்குத் தெரியும். இந்த வருடம் என்ன சொல்லி அவனை நம்பவைப்பாள் என்பதுதான் எழுதுபவரின் வேலை.

வார நாள் படங்கள் வழக்கமாக ஐந்தாறு வாரம் முன்னதாக அனுப்பப்பட வேண்டும். ஞாயிறு பக்கம் வண்ணத்தில் அச்சாவதால் அதற்கு இன்னும் பல வாரம் முந்த வேண்டும். 1968 ஏப்ரலில், மார்ட்டின் லூதர் கிங் கொல்லப்பட்ட சில நாட்களில், லாஸ் ஏஞ்சல்ஸ் ஆசிரியை ஹாரியட் கிளிக்மன், தொடரில் ஒரு கறுப்பினக் குழந்தை வேண்டும் என்று கடிதம் எழுதினார். கறுப்பின மக்களுக்குப் பெரிய மனது காட்டுவது போலத் தோன்றிவிடுமோ என்று ஷுல்ஸ் தயங்கினார். கிளிக்மனின் நண்பர்களும் அவருக்கு எழுதினார்கள். ஜூலை 31 அன்று கடற்கரையில், சார்லி பிரவுனின் பந்தை எடுத்துக்கொண்டு ஃபிராங்ளின் வந்தான். முன்கூட்டி அனுப்பும் காலத்தைக் கழித்துப் பார்த்தால், கடிதத்துக்கும் வரைந்த கைக்கும் இடையே இருந்தது மிகக் குறைந்த அவகாசம். அந்த அறிமுகத்தில் யாரும் நிறத்தைப் பற்றிப் பேசவில்லை. இரண்டு பையன்கள் மணல்கோட்டை கட்டினார்கள்.

1981-இல் இதய அறுவை சிகிச்சை. பிற்காலக் கோடுகளில் நடுக்கம் தெரியும். தரைக்கோட்டையும் ஸ்னூப்பியின் முதுகையும் உற்றுப் பார்த்தால் போதும். உதவியாளரை வைத்து அதை நேராக்கியிருக்கலாம். பல தொடர்களில் எழுத்துக்கு ஒருவர், மைக்கு ஒருவர் என்று வைப்பது சகஜம். அவர் நடுங்கும் கோட்டையே அனுப்பினார். 75 வயது நிறைந்தபோது, 1997 இறுதியில், ஐந்து வாரம் விடுமுறை எடுத்தார். ஐம்பது ஆண்டில் எடுத்த நீண்ட விடுப்பு அது ஒன்றே.

1999 நவம்பரில் பக்கவாதம். பெருங்குடல் புற்றுநோயும் தெரியவந்தது. டிசம்பர் 14 அன்று ஓய்வை அறிவித்தார். கடைசி வார நாள் படம் 2000 ஜனவரி 3. ஞாயிறு பக்கங்கள் முன்கூட்டியே போய்விட்டிருந்ததால் அவை இன்னும் ஆறு வாரம் வந்தன. பிப்ரவரி 12, சனிக்கிழமை இரவு, கலிஃபோர்னியாவில் சான்டா ரோசாவில் உறக்கத்தில் இறந்தார். கடைசி ஞாயிறு பக்கம் அதற்குள் அச்சாகி, காலையில் வாசல்களில் விழக் காத்திருந்தது. அதில் ஸ்னூப்பி கூரைமேல் தட்டச்சுப் பொறியோடு உட்கார்ந்திருக்கிறது.

தொடரின் உரிமை சிண்டிகேட்டிடம் இருந்தது. ஆனால் தனக்குப் பிறகு வேறொருவர் புதிய பகுதிகளை வரையக்கூடாது என்பதை ஒப்பந்தத்திலேயே உறுதி செய்திருந்தார். அதனால் இன்று பத்திரிகைகளுக்குப் போவதெல்லாம் பழைய கட்டங்கள்தான்.