சும்மா நடந்தாங்களா?

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம்.

நடிகை சுப்ரியா தேவி வங்கத் திரையில நிலைச்சது நடிப்பாலா, இயக்குநராலா? நான் நடிப்பு அணி. எதிரணி அண்ணன் போற போக்குல ஒரு வெடியைக் கொளுத்திப் போட்டாரு: "'மேகே டாக்கா தாரா' படத்துல செருப்பை அறுத்தது இயக்குநர் ரித்விக் கட்டக். அந்தம்மா சும்மா நடந்தாங்க, அவ்வளவுதானே!" நீங்களும் கை தட்டினீங்க.

சும்மா நடந்தாங்களா?

1960-ல வந்த படம். கல்கத்தா ஓரத்துல அகதிக் குடியிருப்பு. டியூஷன் எடுத்துக் குடும்பத்தைத் தாங்குற நீதாவா சுப்ரியா நடந்து வர்றா. செருப்பு வார் அறுந்துபோகுது. நிக்கிறா. குனிஞ்சு பார்க்கிறா. மறுபடி நடக்கிறா. காசு கைக்கு வருது. தங்கச்சிக்குச் சேலை, தம்பிக்குப் பந்து விளையாட பூட்ஸ். திரும்பச் சொல்றேன்: தங்கச்சிக்குச் சேலை, தம்பிக்கு பூட்ஸ். அவ காலுக்கு? வீட்டுக்கு மூத்த பொண்ணா பொறந்த அக்காமாரே, நீங்க சொல்லுங்க!

அந்த நடையை யாரு சொல்லிக்கொடுத்தா? சுப்ரியா பிறந்தது பர்மாவுல, மிச்சினாவுல. 1942-ல ஜப்பான் படை வரவும், ஒன்பது வயசுப் பிள்ளை குடும்பத்தோட கால்நடையா கிளம்பி கல்கத்தா வந்து சேர்ந்தது. கட்டக் படம் வர்றதுக்குப் பதினெட்டு வருஷம் முந்தியே நடந்த கால் ஐயா அது!

கடைசிக் காட்சி, ஷில்லாங் மலை. காசநோய் முத்திப்போய், "அண்ணா, நான் வாழணும்னு ஆசைப்பட்டேனே"ன்னு கதறுவா. கேமரா மலையைச் சுத்துது, முகத்தைக் காணோம். குரல் மட்டும்தான் நம்மள உலுக்குது. அந்தக் குரல் யாரு குரல்?

1952-ல 'பாசு பரிபார்', 1961-ல 'கோமல் காந்தார்', உத்தம் குமாரோட ஜோடியா எத்தனையோ படம், 2014-ல பத்மஸ்ரீ... மணி அடிச்சிட்டீங்க. ஒரு நிமிஷம்.

எங்க அப்பத்தாவும் பர்மாவுல இருந்து நடந்து வந்தவங்கதான். நம்ம சிவகங்கைப் பக்கம் அப்படி வந்த குடும்பம் எத்தனையோ உண்டு. அவங்களுக்கு இந்தப் படத்தைப் போட்டுக் காட்டினேன். வங்காளத்துல ஒரு சொல் தெரியாது. செருப்பு அறுந்ததும் தன் உள்ளங்காலைத் தடவிக்கிட்டாங்க. கடைசிக் கதறல் கேட்டதும் எழுந்து டிவி பக்கத்துல போய், கண்ணாடியில கையை வச்சு, "பொழச்சுக்குவ ஆத்தா, பயப்படாதே"ன்னாங்க.

படம் முடிஞ்ச பிறகும் கையை எடுக்கல.

நன்றி, வணக்கம்.